முந்தானை கடலில் கிடக்கட்டும்

காலடிப்பேட்டை,
ஞாயிற்றுக்கிழமை

அன்புள்ள பாப்பா,

நீ அனுப்பிய உன் கதையின் மூன்று அத்தியாயத்தையும் போனிலேயே படித்துவிட்டேன். எழுத்து பொடியாக இருந்ததால் இரண்டு நாள் ஆனது. இடியை வாங்கும் சேலை, அதை நெய்கிற தீவு, புயலில் பாய்மரத்தடியில் அதைச் சுற்றிக்கொண்டு நிற்கிற அந்தப் பெண், எல்லாமே பிடித்திருக்கிறது. நெசவாளர் ஊரில் பிறந்தவளுக்கு வராமல் எங்கே போகும்? 300 வருஷத்துக்கு முன்னால் காலெட் என்கிற கவர்னர் நெசவாளர்களைக் கூட்டிவந்து குடிவைத்த இடம்தானே இது. காலெட் பேட்டை நம் வாயில் காலடிப்பேட்டை ஆகிவிட்டது. தறிச் சத்தத்தைத்தான் நான் கேட்டதில்லை.

ஒரே ஒரு கேள்வி. 34 வருஷம் கரண்ட் கம்பம் ஏறினவன் கேட்கிறேன். அவள் மேல் இடி இறங்குகிறது, அவள் சிரிக்கிறாள். சரி. இறங்கின இடி எங்கே போனது?

மின்னல் ஒன்றில் 30,000 ஆம்பியர் வரைக்கும் சாதாரணமாக ஓடும். நம் வீட்டு ஃப்யூஸ் 15 ஆம்பியருக்கே தாங்காது. உன் சேலை அவ்வளவையும் வாங்கும் என்றால் ஒப்புக்கொள்கிறேன், அது உன் உலகம். துணி கரண்டைக் கடத்துவது நம் ஊரிலேயே உள்ளதுதான். ஓடுகிற ஹைடென்ஷன் லைனைக் கையால் தொட்டு வேலை பார்க்கிறவர்களுக்கு நூலோடு எஃகு இழை சேர்த்து நெய்த உடுப்பு உண்டு. கரண்ட் துணியோடு போய்விடும், உள்ளே இருப்பவனைத் தொடாது. ஆனால் வாங்கினதை எங்காவது விட்டாக வேண்டும்.

படித்த அன்று ராத்திரி தூக்கம் வரவில்லை. அம்மாவின் கல்யாணப் புடவையை பீரோவிலிருந்து எடுத்துக் கட்டிலில் விரித்தேன். கரண்ட் ஓட வழி இருந்தால் பீப் அடிக்கிற என் மீட்டரின் ஒரு முனையை பார்டர் ஜரிகையில் வைத்து, இன்னொன்றை அதே இழை மேல் ஒரு முழம் தள்ளி வைத்தேன். பீப் என்றது! புடவையின் உடலில் வைத்தால் சத்தமே இல்லை. அசல் ஜரிகை என்றால் பட்டு நூல் மேல் வெள்ளித் தகட்டைச் சுற்றி முலாம் பூசினது; வெள்ளி கடத்தும், காய்ந்த பட்டு கடத்தாது. 1752-ல் பிராங்க்ளின் காத்தாடி விட்டதைப் பற்றி எழுதும்போதும், கையில் பிடிக்கிற பட்டு நாடா நனையக் கூடாது என்றுதான் சொல்லியிருக்கிறார். அப்புறம், போன தீபாவளிக்கு அசல் ஜரிகை என்று சத்தியம் செய்து ஒரு கடையில் கொடுத்தார்களே, அந்தப் புடவையிலும் வைத்துப் பார்த்தேன். மூச்சு இல்லை. அதற்குள் அம்மா எழுந்து, "ஏன்யா, கல்யாணப் புடவைக்கு ஷாக் வைக்கிறியா?" என்று ஆரம்பித்துவிட்டாள். தீபாவளிப் புடவை விஷயத்தை அவளிடம் இன்னும் சொல்லவில்லை, நீயும் சொல்லாதே.

ஆக, உன் சேலையில் உடல் பட்டாகவும் பார்டர் வெள்ளியாகவும் இருக்கட்டும். இடி பார்டரோடு ஓடட்டும்.

நீ ஏழாவது படிக்கும்போது என் இடது உள்ளங்கையில் ஒரு கட்டு இருந்தது, ஞாபகம் இருக்கா? அடுப்புச் சூடு என்று சொன்னேன். அது அடுப்பு இல்லை. லைன் ஆஃப் பண்ணியாச்சு என்று சொன்னார்கள், லைனில் வருகிற கரண்டை மண்ணுக்கு இறக்குகிற எர்த் ராடை அவசரத்தில் மாட்டாமல் ஏறிவிட்டேன். எந்தக் கடையிலோ ஜெனரேட்டர் ஓடி, அந்தக் கரண்ட் லைனுக்குத் திரும்பி வந்திருக்கிறது. கீழே போக வழி இல்லாத கரண்ட் கிடைத்த ஆளைப் பிடித்துக்கொள்ளும். பெல்ட் போட்டிருந்ததால் தொங்கினேன். இறக்கின பிறகும் ரொம்ப நேரம் விரலை விரிக்க முடியவில்லை. அதனால்தான் உன் பெண் சிரித்ததும் எனக்கு வயிற்றைக் கலக்கியது.

எர்த்துக்குக் குழி எடுத்தால் உப்பும் கரியும் மாற்றி மாற்றிப் போட்டுத் தண்ணீர் ஊற்றுவோம். ஈரமும் உப்பும் இருந்தால்தான் மண் நன்றாக வாங்கும். உன் தீவைச் சுற்றி உப்புத் தண்ணீர்தானே? சேலையை நீளமாக நெய்யச் சொல். முந்தானை கடலில் கிடக்கட்டும். அவள் எங்கே நடந்தாலும் ஈர முந்தானை பின்னால் இழுபட வேண்டும், கனமாக, மணலோடு. அது நனையாத நாளில் என்ன ஆகும் என்பதை நீயே எழுதிக்கொள்.

காற்றையும் மறந்துவிடாதே. 2016 டிசம்பர் 12, வர்தா புயல் அடித்த மறுநாள் காசிமேட்டுப் பக்கம் வேலைக்குப் போனேன். தார்ப்பாய் எல்லாம் கிழிந்து கம்பியில் தொங்கியது. வலை கட்டின இடத்தில் அப்படியே கிடந்தது. ஓட்டை இருக்கிற துணியைக் காற்று விட்டுவிடும். நெசவைக் கொஞ்சம் இடைவெளி விட்டு வை.

பாட்டியின் பழைய பட்டில் கிழிந்த பார்டர் ஒரு முழம் இருந்தது. பழைய பட்டு வாங்குகிறவன் வெள்ளிக்காக எரித்துவிடுவான் என்று கொடுக்காமல் வைத்திருந்தேன். இந்தக் கவரில் மடித்து வைத்திருக்கிறேன். உன்னிடம் மீட்டர் இருக்கா? இல்லையென்றால் சொல், என்னுடையதை அனுப்புகிறேன்.

அப்பா