நூற்றாண்டு மலர்களில் நூல்களுக்கு இடமில்லையா?

அன்புள்ள ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். பழைய கல்லூரிகள் வெளியிடும் ஆண்டு விழா மலர்களைப் பற்றித் தங்கள் இதழில் வந்த கட்டுரையைப் படித்தேன். மலர்களை யாரும் திறந்து பார்ப்பதில்லை என்று கட்டுரையாளர் வருத்தப்படுவது நியாயம்தான். ஆனால் கட்டுரையில் ஒரு வரி உறுத்துகிறது. உ.வே. சாமிநாதையர் சென்னை மாநிலக் கல்லூரியில் பணியாற்றியபோது சீவக சிந்தாமணியையும் சிலப்பதிகாரத்தையும் பதிப்பித்தார் என்று போகிறபோக்கில் எழுதியிருக்கிறார். அந்தக் கல்லூரி வளாகத்தில் கடலைப் பார்த்தபடி ஐயரின் சிலை நிற்பதால் பலருக்கும் இந்த மயக்கம் வருகிறது.

சிந்தாமணி வெளிவந்தது 1887இல். அடுத்து பத்துப்பாட்டு 1889, சிலப்பதிகாரம் 1892, புறநானூறு 1894, மணிமேகலை 1898. ஐயர் மாநிலக் கல்லூரிக்கு மாற்றலாகி வந்தது 1903இல்தான். அதாவது இந்த ஐந்தையும் பதிப்பித்தவர் கும்பகோணம் அரசுக் கல்லூரியின் தமிழ்ப் பண்டிதர். முதற்பதிப்பின் முகப்புப் பக்கத்தில் அவர் பெயருக்கு முன்னால் கும்பகோணம் காலேஜ் என்றுதான் அச்சாகியிருக்கிறது.

ஆண்டுக் கணக்கைத் திருத்துவதற்காக மட்டும் இதை எழுதவில்லை. 1854இல் பள்ளியாகத் தொடங்கி 1867இல் கல்லூரியாக உயர்ந்தது கும்பகோணம் கல்லூரி. அங்கே தமிழ் கற்பித்துவந்த தியாகராச செட்டியார் 1880இல் ஓய்வு பெற்றபோது, தம்மைப் போலவே மகாவித்துவான் மீனாட்சிசுந்தரம் பிள்ளையிடம் பாடம் கேட்ட சாமிநாதையரைத் தம் இடத்துக்குக் கொண்டுவந்தார். கல்லூரி வேலை கும்பகோணத்துக்கு அழைத்து வந்திராவிட்டால், அதே ஆண்டில் அவ்வூருக்கு முன்சீபாக வந்த சேலம் இராமசுவாமி முதலியாரை ஐயர் சந்தித்திருப்பாரா? அந்தாதியும் பிள்ளைத்தமிழும் கலம்பகமும் படித்ததாக ஐயர் அடுக்கிக்கொண்டே போக, முதலியார் அசையாமல் உட்கார்ந்து, இவற்றுக்கு மூலமான பழைய நூல்களைப் படித்ததுண்டா என்று கேட்ட காட்சி, ஐயரின் தன்வரலாறான ‘என் சரித்திரம்’ படித்தவர்களுக்கெல்லாம் மனப்பாடம். அதன்பிறகு நடந்தவற்றில் பெரும்பகுதிக்குக் கல்லூரியின் கால அட்டவணைதான் சட்டகம். பகலில் வகுப்பு. மற்ற நேரத்தில் ஏடு பார்ப்பது, ஏட்டுக்கு ஏடு மாறும் பாட வேறுபாடுகளை ஒப்பிட்டுப் பார்ப்பது. சிந்தாமணி சமண நூல், அதன் வழக்குகள் புரியாதபோது உள்ளூர்ச் சமணர் வீடுகளுக்குப் போய்க் கேட்பது. விடுமுறை விட்டால் சென்னை அச்சுக்கூடத்துக்கு ஓட்டம். விடுமுறை முடிந்தால் அச்சுப்படி தபாலில் வரும்.

இத்தனையும் ஒரு கல்லூரியின் வரலாறு இல்லையா? ஐயரின் பதிப்பு ஒன்றைக் கையில் எடுத்துப் பாருங்கள். யாரிடமிருந்து எந்த ஏடு கிடைத்தது என்று முகவுரையில் பெயர் பெயராகச் சொல்லியிருப்பார். நூலாசிரியர் வரலாறு, உரையாசிரியர் வரலாறு, அரும்பத அகராதி, மேற்கோள் நூல்களின் பட்டியல் என்று நூலைச் சுற்றி ஒரு கோட்டையே கட்டியிருப்பார். மாவட்டத் தலைநகர்கூட இல்லாத ஓர் ஊரில், ஒரு கல்லூரிப் பண்டிதர், தமக்கு முன்னால் பெரிதாக வழிகாட்டி எதுவும் இல்லாமல் வகுத்த முறை அது. நம் மலர்களோ முதல்வர் பட்டியலை வெளியிடுகின்றன. அடிக்கல் யார் நாட்டினார் என்று எழுதுகின்றன. அது கல்வெட்டிலேயே இருக்கிறது, அதற்கு மலர் தேவையில்லை.

ஒரு கல்லூரியில் எழுதப்பட்ட நூல்கள் ஒரு பக்கம். அங்கே படிக்கப்பட்ட நூல்கள் இன்னொரு பக்கம். இந்த இரண்டாவது பக்கத்தைக் கட்டுரையாளர் தொடவே இல்லை. எனக்கு அதுதான் முக்கியம்.

இதே கும்பகோணம் கல்லூரி நூலகத்திலிருந்து 1903 வாக்கில் ஒரு கணித நூல் வெளியே போயிற்று. லண்டனில் தேர்வுகளுக்கு மாணவர்களைத் தயார்செய்துவந்த ஜார்ஜ் ஷூபிரிட்ஜ் கார் என்பவர் தொகுத்தது. ஐயாயிரத்துக்குச் சற்றுக் குறைவான தேற்றங்களும் சூத்திரங்களும் வரிசை எண் போட்டு அடுக்கப்பட்டிருக்கும். நிரூபணம் இருந்தால் ஒன்றிரண்டு வரி, பல இடங்களில் அதுவும் இருக்காது. தேர்வுக்குப் படிக்கிறவர்களுக்கான கைநூல், அவ்வளவுதான். நண்பர் ஒருவர் மூலம் அது டவுன் உயர்நிலைப் பள்ளியில் படித்துக்கொண்டிருந்த சீனிவாச இராமானுஜனின் கைக்கு வந்தது. பிறகு நடந்ததை உலகம் அறியும். முடிவை மட்டும் எழுதி, வந்த வழியை எழுதாமல் விடும் அவருடைய நோட்டுப் புத்தகங்களின் பாணிக்குக் காரின் நூலே முன்மாதிரி என்று கணித வரலாற்றாசிரியர்கள் சொல்கிறார்கள். அது பெரிய நூலெல்லாம் இல்லை, இராமானுஜன் படித்ததால்தான் புகழ் பெற்றது என்பது, அவரைக் கேம்பிரிட்ஜுக்கு வரவழைத்த கணித அறிஞர் ஹார்டியின் கருத்து.

1904இல் இராமானுஜன் அதே கல்லூரியில் உதவித்தொகையோடு சேர்ந்தார், மற்றப் பாடங்களைக் கவனிக்காமல் அதை இழந்தார், வெளியேறினார். வகுப்பறை அவருக்குச் செய்யாததை நூலக அலமாரி செய்தது என்று நான் சொன்னால் பேராசிரியப் பெருமக்கள் கோபித்துக்கொள்ளக் கூடாது. அந்த நூலை அங்கே வாங்கி வைத்தது யார்? எந்த ஆசிரியர் பரிந்துரைத்தார்? எத்தனை ரூபாய்? இப்படிப்பட்ட கேள்விகளுக்குப் பதில் சொல்லக்கூடியவை இரண்டே இரண்டு. ஒன்று நூல் சேர்க்கைப் பதிவேடு, மற்றொன்று எந்த நூலை யார் எடுத்துப் போனார் என்று எழுதும் கடன் பதிவேடு. எந்த மலர்க் குழுவும் இவற்றைத் திறந்து பார்த்ததாக நான் கேள்விப்பட்டதில்லை.

நான் கல்லூரி நூலகராக இருந்து ஓய்வு பெற்றவன். எந்தக் கல்லூரி என்பது இங்கே தேவையில்லை. பழைய சேர்க்கைப் பதிவேடு என்றால் என்ன என்று தெரியாதவர்களுக்காகச் சொல்கிறேன். தோல் முதுகு வைத்துத் தைத்த கனத்த புத்தகம். இடது ஓரத்தில் வரிசை எண், பிறகு தேதி, ஆசிரியர், தலைப்பு, பதிப்பு ஆண்டு, விற்றவர், விலை. கடைசியில் குறிப்பு என்று ஒரு குறுகலான பத்தி. அதில்தான் சுவாரசியமே. ‘பைண்டிங்குக்குப் போயிருக்கிறது’, ‘முதல்வர் அறையில் உள்ளது’, ‘தொலைந்தது, விலை வசூலிக்கப்பட்டது’ என்று வெவ்வேறு கையெழுத்தில், வெவ்வேறு மையில் இருக்கும். ஒரு துறை எந்த ஆண்டில் விழித்தது, எந்த ஆண்டில் தூங்கப் போனது என்பதை அந்தப் பக்கங்களைப் புரட்டினாலே சொல்லிவிடலாம். கணித நூல்களாக வந்துகொண்டிருந்த வரிசை திடீரென்று நின்றால், அங்கே யாரோ ஓய்வு பெற்றிருக்கிறார் என்று பொருள்.

நான் ஓய்வு பெற்ற சில ஆண்டுகளில், ஆய்வுக் குழு வருகிறது, நூலகம் பளிச்சென்று இருக்க வேண்டும் என்று சொல்லி, பழைய நூல்களில் ஒரு பெரும் பகுதியைக் ‘கழிவு’ செய்துவிட்டார்கள். எடைக்குப் போயின. சேர்க்கைப் பதிவேடுகளும் கூடவே போயின. கணினியில் ஏற்றியாயிற்று, இனி இது எதற்கு என்றார்களாம். கணினியில் ஏற்றியது தலைப்பையும் ஆசிரியரையும் மட்டும். குறிப்புப் பத்தியை யாரும் ஏற்றவில்லை. கேட்டால், விதிப்படிதான் செய்தோம் என்கிறார்கள். விதி இருக்கிறது, மறுக்கவில்லை. செல்லரித்த பாடநூலின் பத்தாவது பிரதியைக் கழிக்க எழுதிய விதியை, நூறாண்டு கடந்த ஒற்றைப் பிரதியின் மீதும் பிரயோகிப்பதுதான் என் குறை.

எல்லாவற்றையும் ஸ்கேன் செய்து இணையத்தில் போட்டுவிட்டால் தீர்ந்தது என்று கட்டுரையாளர் சொல்வதில் எனக்குப் பாதி சம்மதம். முகப்பும் உள்ளடக்கமும் வந்துவிடும். ஆனால் ஸ்கேன் செய்கிறவர் முதலில் தாண்டிப்போவது பின்னட்டையில் ஒட்டிய, நூலைத் திருப்பித் தர வேண்டிய தேதி குறித்த தவணைச் சீட்டையும், ஓரத்தில் மாணவன் பென்சிலால் கிறுக்கியதையும்தான். நான் தேடுவது அங்கேதான் இருக்கிறது.

பாதுகாப்பது என்றால் என்ன என்பதற்கு, இராமானுஜன் கதையிலேயே மறுமுனை ஒன்று உண்டு. அவர் தம் கடைசி ஆண்டில் எழுதிய பக்கங்கள் நூற்றுக்கும் மேல். பலர் கை மாறி ஜி.என். வாட்சன் என்ற ஆங்கிலேயக் கணித அறிஞரிடம் போய்ச் சேர்ந்து, அவர் இறந்த பின் 1968இல் கேம்பிரிட்ஜ் டிரினிடி கல்லூரியின் ரென் நூலகத்துக்கு வந்தன. அங்கே யாரும் அவற்றை உடனே படித்துவிடவில்லை. பெட்டியில் கிடந்தன. 1976இல் ஜார்ஜ் ஆண்ட்ரூஸ் என்ற அமெரிக்கக் கணித அறிஞர் வேறு வேலையாகப் போனபோது கண்ணில் பட்டன. அதுவே இன்று ‘தொலைந்த நோட்டுப் புத்தகம்’ எனப்படுவது. எட்டு ஆண்டு யாரும் கேட்கவில்லை என்று அந்த நூலகம் அதைக் கழிவு செய்திருந்தால்? டிரினிடிக்குப் பணம் இருக்கிறது, எங்களுக்கு இல்லை என்பார்கள். ஒரு பெட்டியை எடைக்குப் போடாமல் இருக்கப் பணம் எதற்கு?

கட்டுரையாளர் தொடர்ந்து எழுதுவதாக இருந்தால், சாமிநாதையர் பற்றிய வரியைத் திருத்தி வெளியிட வேண்டுகிறேன். அடுத்த மலரைத் தயாரிக்கும் குழு எந்தக் கல்லூரியினுடையதாக இருந்தாலும், வாழ்த்துச் செய்தி கேட்டு அமைச்சர் அலுவலகத்துக்குப் போகுமுன் தங்கள் நூலகரிடம் சேர்க்கைப் பதிவேட்டின் முதல் தொகுதி எங்கே என்று கேட்கட்டும். நூலகர் பணியிடமே காலியாகக் கிடக்கிறது என்றால், வாழ்த்துச் செய்திக்குப் போகும் அதே அலுவலகத்தில் அதையும் சேர்த்துக் கேட்டுவிட்டு வரட்டும்.

தங்கள் உண்மையுள்ள,
ஓய்வுபெற்ற கல்லூரி நூலகர்