காலியாகத் திரும்பும் வண்டியைக் கொடுங்கள்: லாரி உரிமையாளர்களுக்கு ஒரு டிரைவரின் திறந்த மடல்

லாரி உரிமையாளர்களுக்கு வணக்கம்.

ஒரே ஒரு வண்டியை வைத்துக்கொண்டு டியூ கட்டத் திணறுகிறவர், ஐம்பது வண்டி ஓட்டுகிறவர் எல்லோருக்கும் சேர்த்துத்தான் இதை எழுதுகிறேன். நான் 26 வருடமாக உங்களைப் போன்றவர்களின் வண்டியை ஓட்டிப் பிழைக்கிறவன். சண்டை போட வரவில்லை. உங்களிடம் கேட்க ஒன்றே ஒன்று இருக்கிறது.

எந்த புக்கிங் ஆபீஸ் வாசலில் உட்கார்ந்தாலும் உங்கள் வாயிலிருந்து வருவது ஒரே புலம்பல்தான். "டிரைவர் கிடைக்க மாட்டேங்கிறாங்கப்பா." உண்மைதான். ஷெட்டில் ஆள் இல்லாமல் நிற்கிற வண்டியை நானும் பார்க்கிறேன். ஆனால் உங்கள் வண்டியில் கடைசியாக ஒரு பையன் ஓட்டக் கற்றுக்கொண்டது எப்போது என்று கொஞ்சம் யோசித்துப் பாருங்கள்.

முன்பு இந்தக் கேள்விக்கே வேலை இல்லை. ஒவ்வொரு வண்டியிலும் ஒரு கிளீனர் இருப்பான். டயர் தட்டிப் பார்ப்பான், தார்ப்பாய் கட்டுவான், ரிவர்ஸ் எடுக்கும்போது பின்னால் நின்று "வரலாம், வரலாம்" என்பான், நாலு வருடத்தில் டிரைவர் ஆகிவிடுவான். நானும் அப்படி வந்தவன்தான். இப்போது நான் ரோட்டில் பார்க்கிற வண்டிகளில் பெரும்பாலும் டிரைவர் மட்டும் தனியாகப் போகிறார். கிளீனர் சம்பளம் மிச்சம் என்று நீங்கள் கணக்குப் போட்டீர்கள். அவனோடு அடுத்த டிரைவரும் இறங்கிப் போய்விட்டான்.

அதற்காக அந்தக் காலம் பொற்காலம் என்று சொல்லமாட்டேன். நான் கற்றுக்கொண்ட லட்சணத்தைச் சொல்கிறேன், கேளுங்கள். எனக்கு 17 வயது. ராத்திரி சாப்பாடு முடிந்து டிரைவர் அண்ணனுக்குக் கண் சொக்கும். "புடிடா" என்று ஸ்டியரிங்கைக் கொடுத்துவிட்டுச் சைடில் சாய்ந்துவிடுவார். செக்போஸ்ட் வருவதற்குள் எழுப்ப வேண்டும், அது ஒன்றுதான் பாடம். ஒரு நாள் தர்மபுரி தாண்டி தொப்பூர் இறக்கம். டீசல் மிச்சம் பிடித்தால் அண்ணன் பாராட்டுவார் என்று நியூட்ரலில் விட்டேன். வண்டி வேகம் எடுத்தது. பிரேக்கை மிதித்தேன், விட்டேன், மிதித்தேன். லாரி பிரேக் காற்று அழுத்தத்தில் பிடிப்பது. நியூட்ரலில் எஞ்சின் ஐடிலில்தான் ஓடும், காற்றை நிரப்பும் கம்ப்ரசரும் மெதுவாகத்தான் சுற்றும். நான் மிதிக்கிற வேகத்துக்குக் காற்று ஏறவில்லை. மீட்டரில் முள் இறங்கிக்கொண்டே வருகிறது, பிரேக் டிரம்மிலிருந்து தீய்ந்த வாடை வருகிறது. காற்று குறைந்தால் கத்துகிற பஸ்ஸர் சத்தத்தில் அண்ணன் எழுந்து, என் கால் மேலேயே தன் காலை வைத்துக் கிளட்சை அழுத்தி, எப்படியோ கியரைத் திணித்தார். கீழே வந்து நிறுத்திய பிறகு ஒரு அறை விட்டார். அறை எனக்கு விழுந்தது. தப்பு இரண்டு பேருடையது, வண்டி கொடுத்த முதலாளியையும் சேர்த்தால் மூன்று பேர்.

அன்றைக்கு என்னிடம் எல்.எல்.ஆர்., அதாவது பழகுநர் உரிமம் கூடக் கிடையாது.

இப்போது என் அக்கா மகன் கதைக்கு வருகிறேன். வயது 21. லாரிதான் ஓட்டுவேன் என்று ஒற்றைக்காலில் நிற்கிறான். நான் போட்ட ஒரே நிபந்தனை, எல்லாம் பேப்பரோடு நடக்க வேண்டும் என்பது. 18 வயதில் கார் லைசென்ஸ் எடுத்தான். கார் லைசென்ஸ் கையில் இருந்து ஒரு வருடம் ஆகாமல் லாரிக்கு எல்.எல்.ஆர். கிடையாது. அது தவிர, 20 வயது ஆகாமல் சரக்கு வண்டியை ரோட்டில் தொடக்கூடாது. காத்திருந்தான். எட்டாவது பாஸ் ஆகியிருக்க வேண்டும் என்கிற விதியை 2019-ல் எடுத்துவிட்டார்கள். இவன் பன்னிரண்டு வரை படித்தவன், அதனால் இவனுக்கு அது பொருட்டில்லை. ஆனால் அந்த விதி இருந்த வருடங்களில் பல பேர் லைசென்ஸுக்கு வளைந்து நெளிந்து போனது அதனால்தான். டாக்டரிடம் கண் காட்டி மருத்துவச் சான்று வாங்கினான், எல்.எல்.ஆர். கைக்கு வந்துவிட்டது. ஆறு மாதம் செல்லும். முப்பது நாள் கழிந்தால் டெஸ்ட்டுக்குப் போகலாம்.

இதற்குப் பிறகுதான் சிக்கல். லாரி லைசென்ஸுக்கு டிரைவிங் ஸ்கூல் சான்றிதழ், அதாவது படிவம் 5, கட்டாயம். விதிப்படி முப்பது நாள் பயிற்சி, அதில் ஸ்டியரிங் பிடிக்கிற நேரம் குறைந்தது 15 மணி. இவன் சேர்ந்த ஸ்கூலில் ஒரு பழைய லாரி, ஆறு பையன்கள். ஆளுக்கு இருபது நிமிடம். முப்பது நாளைக்குக் கணக்குப் போட்டால் பத்து மணி நேரம்தான் வருகிறது. சரி, 15 மணி நேரமே முழுசாகக் கொடுத்தாலும் அது எந்த மூலைக்கு? ஒரு மும்பை லோடு போய்ச் சேர்வதற்குள் அந்த 15 மணி தாண்டிவிடும். 2021-ல் ஒன்றிய அரசு கொண்டுவந்த அங்கீகாரம் பெற்ற பயிற்சி மையங்களில் கனரக வண்டிக்கு ஆறு வாரத்தில் 38 மணி நேரம் என்று வைத்திருக்கிறார்கள். அது தேவலாம். ஆனால் அதில் வகுப்பறைப் பாடமும் சேர்ந்திருக்கிறது.

ஆக, எல்.எல்.ஆர். இருக்கிறது, பழக வண்டி இல்லை. பையனைக் கூட்டிக்கொண்டு எனக்குத் தெரிந்த நாலு முதலாளிகளிடம் போனேன். நாலு பேரும் டிரைவர் இல்லை என்று என்னிடம் அழுதவர்கள்தான். நாலு பேரும் ஒரே பதிலைச் சொன்னார்கள். "எல்.எல்.ஆர்.ல ஓட்டி ஏதாவது ஆச்சுன்னா இன்சூரன்ஸ் வராதுப்பா."

இந்த ஒரு வாக்கியத்துக்காகத்தான் இந்த மடலே எழுதுகிறேன்.

உங்கள் வண்டி பாலிசியை எடுங்கள். பீரோவில் ஆர்.சி. புத்தகத்தோடு இருக்கும். பிரீமியம் தொகையைத் தவிர வேறு எதையும் நாம் அதில் படிப்பதில்லை, நானும் படித்ததில்லை. அதில் யார் ஓட்டலாம் என்று ஒரு பத்தி இருக்கும். சரக்கு வண்டிக்கான வழக்கமான பாலிசியில் அந்தப் பத்தி சொல்வது இதுதான்: செல்லுபடியாகும் எல்.எல்.ஆர். வைத்திருப்பவரும் ஓட்டலாம், ஆனால் விபத்து நேரத்தில் வண்டி சரக்கு ஏற்றிச் செல்லக்கூடாது, மத்திய மோட்டார் வாகன விதிகளில் மூன்றாவது விதியைக் கடைப்பிடித்திருக்க வேண்டும். அடிபட்ட மூன்றாம் நபருக்கான இழப்பீடு பற்றி 2004-லேயே ஸ்வரண் சிங் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது: எல்.எல்.ஆரும் ஒரு லைசென்ஸ்தான், ஓட்டியவரிடம் எல்.எல்.ஆர். மட்டுமே இருந்தது என்று சொல்லி இன்சூரன்ஸ் கம்பெனி கையை விரிக்க முடியாது.

அந்த மூன்றாவது விதி என்ன பெரிய விதி? பையனிடம் எல்.எல்.ஆர். இருக்க வேண்டும். பக்கத்தில் அந்த வண்டிக்கு லைசென்ஸ் உள்ளவர், தேவைப்பட்டால் வண்டியைக் கட்டுப்படுத்தி நிறுத்த முடிகிற மாதிரி உட்கார்ந்திருக்க வேண்டும். சைடு சீட்டில் படுத்துத் தூங்கினால் கணக்கில் வராது. முன்னாலும் பின்னாலும் வெள்ளைப் பலகையில் சிவப்பு 'எல்' தெரிய வேண்டும். அவ்வளவுதான்.

வேடிக்கை என்னவென்றால், எல்.எல்.ஆர். உள்ளவனைக் கண்டு பயப்படுகிற நாம், ஒரு காகிதமும் இல்லாத கிளீனர் ராத்திரி பன்னிரண்டு மணிக்கு லோடு வண்டியை ஓட்டுவதைக் கண்டுகொள்ளாமல் இருந்தோம். இன்சூரன்ஸ் கைவிடும் என்று நிஜமாகவே பயப்பட வேண்டியது அதற்குத்தான். 2019 திருத்தத்துக்குப் பிறகு, லைசென்ஸ் இல்லாதவனை ஓட்டவிட்ட உரிமையாளருக்கு 5,000 ரூபாய் அபராதம், மூன்று மாதம் வரை சிறை, அல்லது இரண்டுமே விழலாம்.

கடைசியில் ஐந்தாவது முதலாளி ஒருவர் பாலிசியைப் படித்துப் பார்த்துவிட்டு ஒத்துக்கொண்டார். ஒரு குடோனில் மூட்டை இறக்கிவிட்டு ஷெட்டுக்குத் திரும்புகிற ஆறு கிலோமீட்டர். போர்டை அட்டைப்பெட்டியில் வெட்டினோம். விதிப்படி 18 சென்டிமீட்டர் சதுரம் போதும். "இவ்வளவு பெரிய வண்டிக்கு இத்தனூண்டு போர்டா" என்று அவனே கொஞ்சம் பெரிதாக வெட்டிக்கொண்டான்.

செல்ஃப் அடித்தான். காற்று ஏறும்வரை பஸ்ஸர் கத்தியது. ஸ்கூல் வண்டியைச் சார் முன்பே ஸ்டார்ட் செய்து வைத்திருப்பாராம், இவனுக்கு அந்தச் சத்தமே புதுசு. இரண்டு தடவை எஞ்சின் அணைந்தது. மூன்றாம் தடவை இரண்டாம் கியரில் நகர்ந்தது. முதல் இடது திருப்பத்தில் கார் மாதிரி ஒடித்துவிட்டான். நிறுத்து என்றேன். "இப்போ இடது கண்ணாடியைப் பாரு." பின் சக்கரத்துக்கும் சாக்கடை மேல் போட்ட கல்லுக்கும் நடுவில் ஒரு சாண்தான் இருந்தது. லாரியில் முன் சக்கரம் ஒரு பாதையில் போகும், பின் சக்கரம் உள்ளே இழுத்துக்கொண்டு தன் பாதையில் வரும். இதை ஸ்கூலில் கரும்பலகையில் வரைந்தே காட்டியிருக்கிறார்கள். பையன் எட்டிப் பார்த்துவிட்டு ஒரு நிமிடம் பேசவில்லை. அப்புறம் ரிவர்ஸ் எடுத்து, வலது பக்கம் அகலம் வாங்கித் திருப்பினான்.

கொஞ்ச தூரம் போனதும், "மாமா, கண்ணாடியில ஒரு பைக் வந்துச்சு, இப்ப காணோம்" என்றான்.

"காணோம்னா பக்கத்துல இருக்குன்னு அர்த்தம். ஒடிக்காத."

பைக்காரர் கேபினுக்குக் கீழே இருந்து முளைத்த மாதிரி முன்னால் போனார். ஆறு கிலோமீட்டருக்கு நாற்பது நிமிடம் ஆயிற்று. என் கை கடைசிவரை ஹேண்ட் பிரேக் பக்கத்திலேயே இருந்தது, சட்டை முதுகில் ஒட்டிவிட்டது. ஆனால் ஸ்கூலில் ஒரு மாதத்தில் கற்காததை அவன் அன்றைக்கு ஒரே நாளில் கற்றான்.

நான் கேட்பது இதுதான். உங்கள் வண்டி எப்படியும் காலியாக ஓடுகிற கிலோமீட்டர்கள் இருக்கின்றன. குடோனிலிருந்து ஷெட்டுக்கு, ஷெட்டிலிருந்து பங்க்குக்கு, வாட்டர் சர்வீஸுக்கு, எஃப்.சி. என்கிற தகுதிச் சான்றுக்கு வண்டியைக் காட்டப் போகும்போது, ரிட்டன் லோடு கிடைக்காமல் திரும்பும்போது. காலியாக வருகிறதே என்று நீங்கள் நொந்துகொள்கிற அந்தத் தூரத்தை, எல்.எல்.ஆர். வைத்திருக்கும் ஒரு பையனுக்குக் கொடுங்கள். நெரிசல் இல்லாத நேரமாக, பகலாகப் பார்த்துக் கொடுங்கள். எத்தனை கிலோமீட்டர் ஓட்டினான், என்ன தப்பு செய்தான் என்று ஒரு நோட்டில் எழுதச் சொல்லுங்கள். சட்டம் அதைக் கேட்கவில்லை, ஆனால் நாளைக்கு அவனை வேலைக்கு எடுக்கும்போது லைசென்ஸ் கார்டைவிட அந்த நோட்டு உங்களுக்கு அதிகம் சொல்லும்.

கிளட்ச் பிளேட் தேயும் என்பீர்கள். தேயத்தான் செய்யும். டீசல் கூடும், நேரமும் போகும். உங்கள் பக்கத்து நஷ்டத்தை நான் மறைக்கவில்லை. எங்கள் பக்கத்துக் குறையையும் சொல்லிவிடுகிறேன்: டிரைவர்களில் பாதிப் பேர் சொல்லிக்கொடுக்க மாட்டோம். இவன் கற்றுக்கொண்டால் என் சீட்டு போய்விடுமோ என்கிற பயம்தான் காரணம். வெளியே சொல்லமாட்டோம், "பையனுக்கு வராதுங்க முதலாளி" என்று முடித்துவிடுவோம். அதனால் பக்கத்தில் உட்காருகிறவருக்கு அந்த நாளுக்குத் தனியாகப் பேட்டா கொடுங்கள். சும்மா உட்காருகிற வேலை இல்லை அது, என் சட்டையைக் கேளுங்கள்.

இன்னொன்று. காலி வண்டி வேறு, லோடு வண்டி வேறு. காலி வண்டி மழையில் பிரேக் போட்டால் சக்கரம் இறுகி வழுக்கும். லோடு ஏறினால் அதே வண்டி நிற்கவே மாட்டேன் என்று அடம்பிடிக்கும். பத்து சக்கர வண்டிக்கு எடை அனுமதி 2018-ல் 25 டன்னிலிருந்து 28.5 டன்னாக ஏறியிருக்கிறது. டெஸ்ட்டில் வண்டியைக் காலியாக ஓட்டிக் காட்டி லைசென்ஸ் வாங்கியவனுக்கு, மறுநாளே 28 டன்னைத் தனியாகக் கொடுத்துத் தொப்பூருக்கு அனுப்பாதீர்கள். முதல் ஆறு மாதம் இன்னொரு டிரைவரோடு இரண்டாம் ஆளாக அனுப்புங்கள். இல்லாவிட்டால் சின்ன வண்டியில் ஆரம்பிக்கட்டும். 7,500 கிலோவுக்கு உட்பட்ட சரக்கு வண்டிக்குக் கார் லைசென்ஸே போதும் என்று 2017-ல் உச்ச நீதிமன்றம் சொன்னதை, 2024 நவம்பரில் ஐந்து நீதிபதிகள் அமர்வும் உறுதி செய்துவிட்டது. அதற்கும் 20 வயது ஆகியிருக்க வேண்டும் என்பதை மறக்க வேண்டாம்.

பையனின் எல்.எல்.ஆர். முடிய இன்னும் 40 நாள் இருக்கிறது. அந்த ஐந்தாவது முதலாளியின் வண்டி இப்போது வெளி மாநில லோடில் போயிருக்கிறது, திரும்பப் பத்து நாளாவது ஆகும். அதுவரை உங்களில் யாருடைய வண்டியாவது காலியாகத் திரும்புகிறது என்றால் சொல்லி அனுப்புங்கள். போர்டு என் சீட்டுக்குப் பின்னால்தான் இருக்கிறது, இரண்டும் ரெடி.

இப்படிக்கு,
உங்கள் வண்டிகளை ஓட்டும் ஒருவன்