ஆச்சியின் பத்திரம்

அன்பு மகளுக்கு,

அப்பா எழுதுவது. அம்மைக்கு முட்டுவலி கொஞ்சம் பரவாயில்லை. நேரத்துக்குச் சாப்பிடு.

எட்டு மாதம் கழித்து நீ அனுப்பியது ஒரே வரி: "ஆச்சி பத்திரத்தில் ஏன் சங்கு முத்திரை?" எர்ணாகுளத்தில் பத்துப் பேருக்கு மேலதிகாரியாக இருக்கிற பெண், அப்பாவுக்கு ஒரு வரிதானா? சரி, அதுவாவது கேட்டாயே.

அது ஆச்சியின் சீதன நிலம். பத்திரத்தில் வருஷம் 1121 என்று இருப்பது கொல்லம் ஆண்டு, அதாவது மலையாளக் கணக்கு; இங்கிலீஷ் கணக்கில் 1945-46. அன்றைக்கு நம் புளியரை திருவிதாங்கூர் மகாராஜாவின் ஊர். சங்கு அவர்களுடைய சின்னம். செங்கோட்டை நுழைவாயில் வளைவில் நீ பார்த்ததும் அதுதான். அந்த ராஜ்யத்துக் காசான சக்கரம் 28 சேர்ந்தால் ஒரு ரூபாய் என்று ஆச்சி கடைசிவரை கணக்குச் சொல்வாள். 1949-ல் ராஜ்யம் போய்த் திருவிதாங்கூர்-கொச்சி ஆனது. 1956 நவம்பர் 1-ல் நம்மைச் சென்னை மாநிலத்தோடு சேர்த்தார்கள். 2019-ல் தென்காசி மாவட்டம். ஆச்சி அதே அடுப்படியில் இருந்தபடியே மூன்று அரசாங்கத்துக்குத் தீர்வை கட்டினாள்.

நாம் தமிழ்நாட்டோடு சேர்ந்ததில் எனக்கு இன்றைக்கும் பெருமைதான். ஆனால் தாலுகா முழுதாக வரவில்லை. மேற்கே மலைப்பக்கம் கேரளத்தில் நின்றுவிட்டது, ஆரியங்காவும் அங்கேதான். ஆச்சி பிறந்த வீடு ஆரியங்காவு. காலையில் புறப்பட்டு உச்சிக்குள் போய்விடுகிற தாய்வீடு அவளுக்கு வேறு மாநிலமாயிற்று. அரிசி மூட்டையோடு போனால் செக்போஸ்டில் அவிழ்த்துக் காட்ட வேண்டும். அதைச் சொல்லும்போதெல்லாம் முந்தானையால் முகத்தைத் துடைப்பாள்.

ராத்திரி பஸ்ஸில் வராதே, மலைப்பாதை வளைவு மோசம்.

அம்மா, இதை எழுதத்தான் நாலு நாளாகத் தாளை எடுத்து எடுத்து வைத்தேன். ஆறு வருஷத்துக்கு முன் அந்தப் புனலூர்ப் பையன் வந்தபோது, "எல்லைக்கு அந்தப் பக்கம் பெண் கொடுக்கிற வழக்கம் எங்களுக்கு இல்லை" என்று உன் முன்னாலேயே சொன்னேன். என்னைப் பெற்றவளே அந்தப் பக்கத்துக்காரி. அதை நீ திருப்பிக் கேட்கவில்லை, தலையைக் குனிந்து உள்ளே போய்விட்டாய். அதற்கு அடுத்த மாதம் அவன் தாயார் தனியாக வந்தார். திண்ணையில் உட்கார்ந்து, என்னைவிட நல்ல தமிழில், பெண்ணைக் கொடுங்கள் என்று கேட்டார். நான் தண்ணீர்கூடக் கொடுக்காமல் அனுப்பினேன். அம்மைக்கும் அன்றைக்கே சத்தியம் வாங்கிவிட்டேன். உன்னிடம் நாங்கள் சொல்லவே இல்லை. அவர்கள் தேடி வரவில்லை என்றுதானே நீ இத்தனை நாள் நினைத்திருப்பாய்?

அந்தப் பையனைப் பற்றி இப்போது கேட்க எனக்கு வாய் வரவில்லை. நீயாகச் சொன்னால் கேட்டுக்கொள்கிறேன்.

நேரத்துக்குச் சாப்பிடு. வருவதானால் பாலருவி ரயிலில் வா, பஸ் வேண்டாம். விடியுமுன்னே செங்கோட்டை வந்துவிடும், நான் ஸ்டேஷனில் நிற்பேன். பத்திரத்தின் பின்பக்கத்தையும் படம் பிடித்து அனுப்பச் சொல்லியிருக்கிறேன். ஆச்சியின் கைநாட்டு அங்கேதான் இருக்கிறது.

அப்பா