ஆண்டறிக்கை – மாற்றுப் பள்ளி பெற்றோர் ஆசிரியர் சங்கம்

பொதுக்குழுவுக்கு வணக்கம்.

இந்த ஆண்டு நம் நேரத்தைப் பெரிதும் விழுங்கியது ஏணி அட்டைகள்தான். சென்னை மாநகராட்சிப் பள்ளிகளில் 2003இல் தொடங்கிய செயல்வழிக் கற்றலைத்தான் தொடக்க வகுப்புகளில் இன்னும் பின்பற்றுகிறோம். காலையில் பிள்ளை தன் வருகையைத் தானே பதிந்து, பாடங்களைப் படிப்படியாகக் காட்டும் ஏணிப் படத்தில் தன் படியைப் பார்த்து, அதே சின்னமும் எண்ணும் உள்ள அட்டையை எடுத்துக்கொண்டு உரிய குழுவில் போய் உட்காரும். ஓர் அட்டை தொலைந்தால் அந்தப் படிக்கு வரும் எல்லாருக்கும் வழி அடைபடும். அதனால் இப்போது எல்லாவற்றிலும் இரண்டு பிரதி எடுத்துவருகிறோம். மழையில் அட்டைகள் ஊறி உப்பியதற்கு லேமினேஷனைக் குறை சொல்லிப் பயனில்லை. தாளின் விளிம்பை ஒட்டி வெட்டியதே தவறு. சுற்றிலும் 4 மி.மீ. பிளாஸ்டிக் விட்டு, மூலைகளை வளைத்து வெட்டினால் ஈரம் இறங்காது.

ஆசிரியர் முன் பிள்ளைகள் வரிசையில் காத்து நின்றதற்குக் காரணம், எல்லா அட்டையையும் அவரே திருத்தியது. இனி பயிற்சி அட்டைக்கு விடை அட்டை உண்டு, மூத்த பிள்ளைகள் சரிபார்ப்பார்கள். மதிப்பீட்டு அட்டை மட்டும் ஆசிரியரிடம்.

எண்கள் கற்கப் பயன்படும் மாண்டிசோரி மணிகளில் பத்து ஒற்றை மணிகளைக் கொடுத்து, பத்து மணி கோத்த ஒரு பத்துக் கம்பி வாங்க வேண்டும். ஒரு மணி பாய்க்கடியில் உருண்டு போனால் கையில் ஒன்பதுதான் மிஞ்சும். பிள்ளை கணக்கைச் சந்தேகிக்காது, தன்னையே சந்தேகிக்கும். எனவே எண்ணிப் பார்த்த பிறகே தட்டு அலமாரிக்குப் போக வேண்டும்.

பிள்ளைகளும் ஆசிரியர்களும் சேர்ந்து முடிவெடுக்கும் வாரக் கூட்டத்தில் ஆசிரியருக்கும் ஒரு வாக்கு, ஆறு வயதுக்கும் ஒரு வாக்கு. பெரியவர்கள் கை தூக்கியதும் சின்னவர்களும் தூக்கிவிடுவதால், திரைக்குப் பின்னால் இரண்டு டம்ளர் வைத்து ஆளுக்கொரு புளியங்கொட்டை போடச் சொன்னோம். அதன் பிறகு முடிவுகள் மாறின. கால்பந்து நேரமும் குறைந்தது!

பத்தாம் வகுப்பு பற்றிப் பெற்றோர் கேட்டுக்கொண்டே இருக்கிறீர்கள். வழக்கமான பள்ளிக்குப் போகாமலே பொதுத்தேர்வு எழுத வழிசெய்யும் தேசிய திறந்தநிலைப் பள்ளியில் (NIOS) சேர 14 வயது நிறைந்திருக்க வேண்டும், ஐந்து பாடங்களில் தேற வேண்டும். பதிவு ஐந்தாண்டு செல்லும், அதற்குள் தேர்வெழுத ஒன்பது வாய்ப்புகள். ஒப்படைப்புகளை (எழுதித் தர வேண்டிய பயிற்சிகளை) கடைசி வாரத்தில் அள்ளித் தெளிக்க வேண்டாம், அவற்றுக்கும் மதிப்பெண் உண்டு.

வரவு செலவைப் பொருளாளர் வாசிப்பார். கணித ஏணி அட்டைகளின் இரண்டாம் பிரதி இன்னும் வெட்டப்படவில்லை. சனிக்கிழமை பத்து மணிக்கு வருபவர்கள் கத்திரிக்கோலும் இரும்பு அளவுகோலும் கொண்டு வரவும்.

செயலாளர்