திரையில் வராத பெண்மணி

அன்பு மகளுக்கு,

போன வாரம் போனில் பேசும்போது உன் குரல் இறங்கியிருந்தது. உன் கணினிக் கலைக் கண்காட்சிக்கு வந்த ஒருவர், "இதில் உங்கள் கை எங்கே இருக்கிறது? எல்லாம் கணினிதானே வரைகிறது?" என்று கேட்டுவிட்டாராம். அப்போது எனக்குச் சட்டென்று பதில் வரவில்லை. அதனால்தான் இந்தக் கடிதம்.

அந்தக் கேள்வி உன்னைவிட வயதில் மூத்தது. அமெரிக்காவின் பெல் ஆய்வுக்கூடத்துப் பொறியாளர் மைக்கேல் நோல் கணினியில் செய்த கோட்டோவியங்கள் 1965இல் நியூ யார்க்கில் காட்சிக்கு வைக்கப்பட்டன. அவற்றில் ஒன்றுக்கு அவர் பதிப்புரிமை கேட்டபோது, இயந்திரம் செய்ததற்குத் தர முடியாது என்றார்கள். நிரலை எழுதியது மனிதன்தான் என்று விளக்கினார். அப்படியானால் தற்செயலான எண்கள் கலந்திருக்கின்றனவே என்று அடுத்த தடை. அந்த எண்களும் கணக்கின்படிதான் பிறக்கின்றன என்று மறுபடி எழுதினார். அதற்குப் பிறகுதான் கிடைத்தது. ஓவியர் வேரா மோல்னாரோ, கணினியே கைக்கு வராத 1959இல், தானே விதிகளை வகுத்து, இயந்திரம் போல ஒவ்வொரு படியாகக் கையால் வரைந்து பார்த்தவர். நிஜக் கணினி 1968இல்தான் கிடைத்தது. வரிசையாக நிற்கும் சதுரங்களை எவ்வளவு கலைத்தால் கண்ணுக்கு உயிர் தெரியும் என்று முடிவு செய்தது அவர்தான். உன் கையும் அங்கேதான் இருக்கிறது, நீ வகுத்த விதியில். இதை அந்தக் கேள்வி கேட்டவரிடம் தைரியமாகச் சொல்லலாம்.

சரி, அவரை விட்டுவிடுவோம். நீ அனுப்பிய வீடியோவை நாலைந்து தடவை பார்த்தேன். கேமராவின் முன் யார் அசைந்தாலும் அந்த அசைவு திரையில் கோடுகளாக விரிகிறது. அழகாக இருந்தது. அதிலும் அந்தக் குழந்தை குதிக்கும் இடம்! ஆனால் அதற்குச் சற்றுப் பின்னால் கைத்தடியோடு, முதுகு வளைந்த ஒரு பெண்மணி வருகிறார். கையைத் தூக்குகிறார். திரையில் ஒன்றும் வரவில்லை. இன்னொரு முறை தூக்கிப் பார்க்கிறார். அப்புறம், தானே ஏதோ தப்புச் செய்துவிட்டது போல லேசாகச் சிரித்துவிட்டு ஒதுங்கிப் போகிறார். நீ கவனித்தாயா?

இருபது வருடம் மென்பொருள் டெஸ்டிங்கில் இருந்தவள் நான். "யாரும் இப்படிப் பயன்படுத்த மாட்டார்கள்" என்று எழுதி எத்தனையோ பிழைகளை மூடியிருக்கிறேன். அந்த "யாரும்" ஒரு முகத்தோடு வந்து நிற்பதை உன் வீடியோவில்தான் முதன்முதலாகப் பார்த்தேன். அன்று இரவு தூக்கம் வரவில்லை.

கணினி ஆய்வாளர் ஜாய் புவோலம்வினியை உனக்குத் தெரிந்திருக்கும். அமெரிக்காவின் எம்ஐடி பல்கலைக்கழகத்து மீடியா லேபில் மாணவியாக இருந்தபோது, பார்ப்பவரின் பிம்பத்தின் மேல் வேறொரு உருவம் படிகிற மாதிரி ஒரு கண்ணாடி செய்ய நினைத்தார். உன் வேலை போன்றதுதான். ஆனால் அவர் பயன்படுத்திய மென்பொருளுக்கு அவருடைய கறுப்பு முகம் தெரியவே இல்லை. வெள்ளை முகமூடியை மாட்டியதும் தெரிந்தது! முகமூடியோடு கண்ணாடியை முடித்துவிட்டுப் போயிருக்கலாம். அவர் போகவில்லை. 2018இல் இன்னொரு ஆய்வாளரான டிம்னிட் கெப்ருவோடு சேர்ந்து, முகத்தைப் பார்த்து ஆணா பெண்ணா என்று சொல்லும் மூன்று நிறுவனங்களின் மென்பொருள்களைச் சோதித்தார். 1,270 முகங்கள். வெளிர்நிற ஆண்களிடம் பிழை 0.8 சதவீதத்தைத் தாண்டவில்லை. கருநிறப் பெண்களிடம் 34.7 சதவீதம் வரை போனது. ஒரு கண்ணாடி செய்யப்போன இடத்தில் பிடிபட்ட விஷயம் இது. என்னைப் போன்றவர்கள் மேஜையில் உட்கார்ந்து, ஓடுகிறதா ஓடவில்லையா என்று மட்டும் பார்ப்போம். நீங்கள் அதை ஒரு கூடத்தில் வைத்து, வருகிற போகிற எல்லோரையும் அதன் முன்னால் நிற்கவைக்கிறீர்கள். அதனால் எங்களுக்குத் தெரியாதது உங்களுக்குத் தெரியும், பார்க்க மனமிருந்தால்.

அதனால் கேட்கிறேன். நீ எடுத்துப் பொருத்திய அந்த மென்பொருளுக்கு எப்படிப்பட்ட உடல்களைக் காட்டிப் பயிற்சி கொடுத்தார்கள் என்று தேடிப் பார். நிமிர்ந்து நிற்பவர்கள் மட்டும்தானா? சக்கர நாற்காலியில் வருபவரையும் புடவையில் வருபவரையும் கூப்பிட்டுச் சோதித்துப் பார். திருத்த முடியாவிட்டால், அந்தக் குறையையே படைப்புக்குள் கொண்டுவர முடியுமா என்று யோசி. அது எப்படி என்று எனக்குத் தெரியாது, அது உன் வேலை. கேமரா பிடிக்கும் படங்களைச் சேமிக்கிறாயா இல்லையா என்பதையும் வாசலிலேயே பெரிய எழுத்தில் எழுதி வை. உள்ளே நுழைந்த பிறகு தெரிந்து என்ன பயன்?

குறை சொல்வதற்காக எழுதவில்லை, கண்ணு. நீ இந்த வேலைக்கு வந்ததில் எனக்கு எவ்வளவு சந்தோஷம் என்பதை இதுவரை நான் சரியாகச் சொன்னதில்லை.

அடுத்த மாதம் வருகிறேன். முழங்கால் வலியில் இப்போதெல்லாம் ரொம்ப நேரம் நிற்க முடிவதில்லை. கேமராவுக்கு எதிரே ஒரு நாற்காலி போட்டு வை. உட்கார்ந்தபடியே கையைத் தூக்குகிறேன், கோடு வருகிறதா பார்ப்போம்.

அன்புடன்,
அம்மா