அந்த மாலையைத் திருப்பிப் போட்டுப் படம் எடுக்கச் சொல்

அன்புள்ள பாப்பாவுக்கு,

பெரியம்மா எழுதுகிறேன். நேற்று ராத்திரி நீ அனுப்பிய படத்தைப் பெரிதாக்கிப் பெரிதாக்கிப் பார்த்துக்கொண்டே இருந்தேன். கறுத்துப்போன வெள்ளிக் குண்டுகள், இரண்டு பக்கமும் ஆறாறு பூக்கள், நடுவில் பிறை, பிறைக்குள் ஊசலாடும் ஒரு நீலக் கல். அதன் கீழே விற்பவர் எழுதியிருந்தது: ‘நவஹோ, 1940கள், ஓல்டு பான்’. விலை 2,200 டாலர். “நாளைக்குள்ள சொல்லணும் பெரியம்மா, இல்லேன்னா வேற யாராவது எடுத்துடுவாங்க” என்று உன் குரல்.

முதலில் அந்த நாளைக்கெடுவை விட்டுவிடு. எண்பது வருஷம் இருந்த மாலை இன்னும் ஒரு வாரம் இருக்கும். இதைப் போனில் சொல்லி முடிக்க முடியாது. என்னிடம் இதே கேள்வியைக் கேட்கிற வேறு பிள்ளைகளும் இருக்கிறார்கள். அதனால்தான் எல்லாரும் படிக்கும்படி இங்கேயே எழுதுகிறேன்.

இந்த வகை மாலையை ஸ்குவாஷ் பிளாசம், அதாவது பூசணிப்பூ மாலை என்று ஊரெல்லாம் சொல்கிறது. அமெரிக்கத் தென்மேற்கின் பூர்வகுடிகளான நவஹோ மக்கள் அந்தப் பூ வடிவ மணிக்கு வைத்த பெயரில் பூசணி கிடையாது. ‘விரிந்து பரவும் மணி’ என்று பொருள்படும் பெயர் அது. வடிவம் வந்தது மாதுளையிலிருந்து. ஸ்பானியர்களும் மெக்சிகோக்காரர்களும் கால்சட்டைப் பக்கவாட்டிலும் மேல்சட்டையிலும் மாதுளைப் பிஞ்சு வடிவில் வெள்ளிக் குமிழ் தைத்துக்கொள்வார்கள். அதைப் பார்த்து, அதன் வாயை இன்னும் விரித்து, நீட்டி, கழுத்துக்குக் கொண்டுவந்தவர்கள் நவஹோ தட்டார்கள். படத்தைத் திரும்ப எடுத்துப் பார். முனையில் பிளந்து நிற்கும் அந்த இதழ்கள் நம் வீட்டுக் கொல்லை மாதுளையின் கிரீடமேதான்.

நடுவில் தொங்கும் பிறைக்கு நாஜா என்று பெயர். அது குதிரையிலிருந்து இறங்கி வந்தது. வட ஆப்பிரிக்க மூர்கள் கண்ணேறு படாமல் இருக்கக் குதிரை நெற்றியில் பிறை கட்டினார்கள். அவர்களிடமிருந்து ஸ்பானியர்களுக்கு, ஸ்பானியர்களோடு மெக்சிகோவுக்கு, அங்கிருந்து வடக்கே நவஹோ குதிரைகளின் கடிவாளத்துக்கு என்று அது கடல் தாண்டி நடந்திருக்கிறது. இந்த இரண்டும் ஒரே கயிற்றில் சேர்ந்து மாலையானது 1880களை ஒட்டி. அதற்கு முன்னால் இந்த மாலை இல்லை. யாராவது ‘ஆயிரம் ஆண்டுப் பாரம்பரியம்’ என்று விற்றால் நகர்ந்துவிடு.

நவஹோ மக்கள் தங்களைத் தினே என்றுதான் சொல்லிக்கொள்வார்கள். 1864இல் அமெரிக்க ராணுவம் அவர்களைப் பயிரையும் பழமரங்களையும் அழித்துப் பணியவைத்து, முந்நூறு மைலுக்கு மேல் நடக்கவைத்து, பாஸ்கே ரெடோண்டோ என்ற பொட்டல் வெளியில் அடைத்தது. 1868 உடன்படிக்கைக்குப் பிறகு மிஞ்சியவர்கள் ஊர் திரும்பினார்கள். வெள்ளி வேலை அவர்களிடையே பரவியது அந்தத் திரும்புதலுக்குப் பிறகுதான். முன்னோடி என்று எல்லாரும் சொல்கிற அட்ஸிடி சானி ஒரு மெக்சிகோக் கொல்லரிடம் இரும்பு வேலை கற்றவர். அந்தப் பெயருக்கே ‘கிழக் கொல்லர்’ என்றுதான் அர்த்தம். அவர் தன் மகன்களுக்குக் கற்றுக்கொடுத்தார், அவர்கள் மற்றவர்களுக்கு. வெள்ளிக்கு எங்கே போவது? நாணயத்தை உருக்கினார்கள். 1890 வாக்கில் அமெரிக்க நாணயத்தைச் சிதைப்பதற்குத் தடை இறுகியதும் மெக்சிகோ பேசோவை உருக்கினார்கள். அதுவும் 1930 வாக்கில் நின்றபோது வியாபாரிகள் வெள்ளிக் கட்டியும் தகடும் கொண்டுவந்து கொடுத்தார்கள். எல்லாம் இழந்து திரும்பி வந்தவர்கள் கைக்குக் கிடைத்த காசை அடித்துக் கழுத்தில் போட்டுக்கொண்டார்கள் என்பதை நினைக்காமல் என்னால் அந்தக் குண்டுகளைத் தொட முடிவதில்லை.

இனி ‘ஓல்டு பான்’, அதாவது பழைய அடகு நகை. இந்த ஒரு சொல்லுக்குத்தான் நீ பாதி விலை கொடுக்கிறாய், அதனால் இதை நிதானமாகச் சொல்கிறேன்.

அந்தக் காலத்தில் ரிசர்வேஷனில், அதாவது பூர்வகுடிகளுக்கென்று ஒதுக்கிய நிலத்தில், வங்கி கிடையாது. டிரேடிங் போஸ்ட் என்ற கடைதான் மளிகை, கம்பளிச் சந்தை, வட்டிக்கடை எல்லாம். மாவும் காப்பிக்கொட்டையும் கடனுக்கு வாங்க, கழுத்தில் இருப்பதைக் கழற்றி வைப்பார்கள். வசந்தத்தில் ஆட்டு ரோமம் கத்தரித்து விற்றதும், இலையுதிர் காலத்தில் குட்டிகள் விற்றதும் மீட்டுக்கொள்வார்கள். நடுவில் வீட்டில் சடங்கு வந்துவிட்டால், தெரிந்த கடைக்காரராக இருந்தால், நகையை இரவலாகக் கொடுத்தனுப்புவார். போட்டுக்கொண்டு போய்விட்டுத் திரும்பக் கொண்டுவந்து வைப்பார்கள். பணமுடை இல்லாதவர்கள்கூடப் பத்திரத்துக்காகக் கடைப்பெட்டியில் வைத்ததுண்டு. கெடு தாண்டியும் மீட்க ஆள் வராததற்கு ‘டெட் பான்’ என்று பெயர். நம் ஊரில் ‘நகை முழுகிப்போச்சு’ என்போமே, அதுதான்.

உன் பாட்டியின் எட்டுக்கல் தோடு 1983இல் முழுகியது உனக்குத் தெரியாது. நீ அப்போது பிறக்கவில்லை. அம்மா வெறும் காதோடு வட்டிக்கடையிலிருந்து நடந்து வந்தது எனக்குத் தெரியும். சாகும்வரை தெருவில் எதிர்ப்படும் பெண்களின் காதைப் பார்த்துக்கொண்டே நடந்தாள். ‘ஓல்டு பான்’ என்று தலைப்புப் போட்டு யாராவது விற்கும்போதெல்லாம் எனக்கு அம்மாவின் அந்தப் பார்வைதான் நினைவுக்கு வரும். அடகில் முழுகிய மாலையை வாங்கவே கூடாது என்று நான் சொல்லவில்லை. அது ஒரு வீட்டின் சேமிப்பாக இருந்தது என்று தெரிந்து வாங்கு.

ஆனால் பெரும்பாலும் அந்தச் சொல் உண்மையாகவே இருக்காது. 1970களில் மத்திய அரசு விதிகளைக் கடுமையாக்கியதும் ரிசர்வேஷனுக்குள் அடகுத்தொழில் ஏறக்குறைய ஒழிந்து, கேலப் மாதிரி எல்லையோர ஊர்களுக்கு நகர்ந்துவிட்டது. அதே பத்தாண்டில்தான் டர்க்காய்ஸ் என்ற அந்த நீலக் கல்லின் மேல் மோகம் அமெரிக்கா முழுக்க வெறியாகப் பரவியது. இன்று பழைய மாலை என்று கைமாறுவதில் ஏராளமானவை அந்த 1970களில் கடைக்காகவே செய்தவை. அவற்றிலும் அருமையான வேலை உண்டு, குறை சொல்லவில்லை. ஆனால் அவை 1940கள் இல்லை. அடகுக்கடைக் கதவை மிதித்தவையும் இல்லை. பழுப்பேறிய அடகுச்சீட்டு ஒன்று நூலில் தொங்கினாலும் நம்பிவிடாதே. ஒரு சீட்டைக் கழற்றி இன்னொன்றில் கட்ட எவ்வளவு நேரம் ஆகும்?

என் கதையைச் சொல்கிறேன். நியூ மெக்சிகோவில் இந்த ஆல்புகர்கிக்கு வந்த இரண்டாம் வருஷம், வேறொரு ஊரில், வாசலில் பெரிய எழுத்தில் தள்ளுபடி போட்டிருந்த ஒரு கடையில் 900 டாலருக்கு ஒரு மாலை வாங்கினேன். மூன்று வருஷம் எல்லா விசேஷத்துக்கும் போட்டுக்கொண்டேன். பிறகு கேலப்பில் ஒரு நவஹோ அம்மாவின் பட்டறைக்கு ஒரு சிநேகிதியோடு போனபோது அதுதான் என் கழுத்தில் இருந்தது. பார்க்கலாமா என்று கேட்டு வாங்கினார். முன்பக்கத்தை அவர் பார்க்கவே இல்லை. உள்ளங்கையில் கவிழ்த்துப் போட்டார். ஒரு குண்டை எடுத்து அதன் துளைக்குள் கண்ணை வைத்துப் பார்த்தார், அடுத்த குண்டை, அதற்கடுத்ததை. பிறகு கல்லின் மேல் ஓடிய கறுப்பு நரம்பை நகத்தால் நெருடினார். “எவ்வளவு கொடுத்தீர்கள்?” என்று மட்டும் கேட்டார். சொன்னேன். பதில் சொல்லாமல் தன் மேஜைக்கு என்னைக் கூப்பிட்டுப் பக்கத்தில் உட்காரவைத்தார்.

அன்றைக்கு ஒரு குண்டு எப்படிப் பிறக்கிறது என்று பார்த்தேன். வெள்ளித் தகட்டில் காலணா அளவுக்கு வட்டம் வெட்டினார். இரும்புக் கட்டையில் குழி குழியாக இருந்தது. அதில் பெரிய குழியில் வட்டத்தை வைத்து, உருண்டைத் தலை உளியால் ஒரு தட்டு. அடுத்த சிறிய குழி, இன்னொரு தட்டு. வட்டம் கிண்ணமானது. நடுவில் உள்ளிருந்து வெளியே துளையிட்டார். இப்படி இரண்டு கிண்ணம். விளிம்பை அரத்தில் தேய்த்து, வாயோடு வாய் வைத்துக் கம்பியில் கோத்து, பற்றாசு வைத்து ஊதினார். நெருப்பு தொட்டதும் வெள்ளி மங்கி, பற்றாசு உருகி மடிப்பில் ஒரு கோடாக ஓடியது. அந்தக் கோட்டை அரத்தால் தேய்த்தார், ஆனால் முழுக்க மறையவில்லை. ஒரு மாலைக்கு எழுபது எண்பது குண்டு வேண்டும். ஒவ்வொன்றும் இப்படித்தான்.

என் மாலையின் குண்டுகள் எல்லாம் ஒரே வார்ப்பு மாதிரி, மடிப்பே இல்லாமல், துளை ஓரம் மொழுமொழு என்று இருந்தன. இயந்திரக் குண்டு. கல் பிளாஸ்டிக். நரம்பு அச்சடித்தது. அந்த அம்மா என்னை நோகும்படி ஒரு வார்த்தை சொல்லவில்லை. தன் மாலையை எடுத்துக் காட்டி, இதை 900க்கு விற்றால் வெள்ளிக் காசுகூடத் தேறாது, அந்தக் கடையில் கேட்டுவிட்டு வருகிறவர்கள் என்னிடம் ஏன் இவ்வளவு என்கிறார்கள் என்றார். போன பணத்தைவிட அதுதான் எனக்குப் பெரிதாக வலித்தது. நான் அந்தக் கடையில் கொடுத்த ஒவ்வொரு டாலரும் அவர் சோற்றிலிருந்து போயிருக்கிறது.

அதனால்தான் சொல்கிறேன், நீ அனுப்பிய படத்தில் எனக்குத் தேவையானது எதுவும் இல்லை. எல்லாம் முன்பக்கம்.

விற்பவரிடம் பின்பக்கப் படம் கேள். நாஜாவின் முதுகு, இரண்டு மூன்று பூக்களின் முதுகு, கொக்கி, கோத்திருக்கும் சரடு, குண்டின் துளை. பூவின் பின்னால் சரடு நுழையும் வளையத்தைப் பார்: பல வருஷம் கழுத்தில் ஆடியிருந்தால் அந்த வளையமும் குண்டுத் துளையின் ஓரமும் உராய்ந்து தேய்ந்திருக்கும். கறுப்பு பூசிவிடலாம், தேய்மானத்தை அவ்வளவு சுலபமாகச் செய்ய முடியாது. சரடு புதிதாக இருந்தால் கவலைப்படாதே, நூல் இற்றால் மாற்றிக் கோப்பார்கள். பழைய நாஜாவோடு புதுக் குண்டு சேர்த்துக் கோத்ததும் நிறைய உண்டு. அப்படியென்றால் அப்படி என்று சொல்லி விற்கவேண்டும், விலையும் இறங்கவேண்டும்.

முத்திரை இல்லையே என்று நீ கேட்டிருந்தாய். பழையதில் இருக்காது. செய்தவர் தன் பெயரையோ அடையாளத்தையோ அடிப்பது பரவலானது 1970களில்தான். ‘1910’ என்று சொல்லும் மாலையின் முதுகில் ‘ஸ்டெர்லிங்’ என்று வெள்ளித் தர அச்சு இருந்தால்தான் சந்தேகப்படவேண்டும். ‘ஜெர்மன் சில்வர்’ என்று எழுதியிருந்தால் அதில் வெள்ளியே கிடையாது. செம்பும் நிக்கலும் துத்தநாகமும்தான்.

கல்லைப் பற்றி ஒரே கேள்வி போதும்: இயற்கையா, பிசின் ஏற்றியதா, சாயம் போட்டதா? டர்க்காய்ஸ் நுண்துளை உள்ள கல். உடம்பு எண்ணெய் குடித்துக் குடித்து நீலம் பச்சையாகும். மிருதுவான கல்லைப் பிசின் ஏற்றி உறுதியாக்குவது ஊரறிந்த முறை, சொல்லிவிட்டு விற்றால் குற்றமில்லை. ஹவ்லைட் என்ற வெள்ளைக் கல்லுக்கு நீலச் சாயம் போட்டு விற்பதும் பிளாஸ்டிக் கட்டியை அறுத்து விற்பதும்தான் ஏமாற்று. அரிசோனாவின் ‘ஸ்லீப்பிங் பியூட்டி’ சுரங்கம் 2012இல் டர்க்காய்ஸ் எடுப்பதை நிறுத்திவிட்டது, அந்தத் தெளிந்த வான்நீலத்துக்கு இப்போது ஏகப்பட்ட போலிகள். சுரங்கத்தின் பெயரைச் சொன்னால் அதையும் ரசீதில் எழுதச் சொல்.

ரசீது முக்கியம், பாப்பா. 1990இல் வந்த அமெரிக்கச் சட்டப்படி, பூர்வகுடிக் கலைஞர் செய்யாததை அவர் செய்தது என்று விற்பது குற்றம். முதல் தடவைக்கே ஐந்து வருஷம் வரை சிறை, இரண்டரை லட்சம் டாலர் வரை அபராதம். 2018இல் இதே ஆல்புகர்கியில், பிலிப்பைன்ஸில் செய்த நகைகளைப் பூர்வகுடி வேலை என்று விற்ற ஒரு கடைக்காரருக்கு நீதிமன்றம் ஆறு மாதச் சிறை விதித்தது. அதனால் சட்டம் தெரிந்த ஏமாற்றுக்காரர்கள் சொல்லில் ஒளிந்துகொள்வார்கள். ‘நவஹோ ஸ்டைல்’, ‘சவுத்வெஸ்ட் ஸ்டைல்’ என்றால் யார் வேண்டுமானாலும் எங்கே வேண்டுமானாலும் செய்தது என்று அர்த்தம். ‘நவஹோ கலைஞர் கையால் செய்தது’ என்று எழுதிக் கையெழுத்துப் போடச் சொல். தயங்கினால் அதுதான் பதில்.

வாங்கிய பிறகு தயவுசெய்து பளபளவென்று விளக்கிவிடாதே. அந்தக் கறுப்பைத் தேடித்தான் ஆட்கள் வருகிறார்கள். தண்ணீரில் ஊறவைக்கவும் கூடாது. பழைய வேலைகளில் கல்லுக்கு அடியில் மரத்தூள் மெத்தை வைத்திருப்பார்கள். ஈரம் பட்டால் ஊதிக் கல்லைத் தள்ளிவிடும். சமையலறையில் நுழையும்போது கழற்றிவிடு.

என் ஆசை என்ன என்று கேட்டால், அந்த 2,200 டாலரை, மாலை செய்கிறவர் கையிலேயே கொடு. சாந்தா ஃபேயில் பழைய கவர்னர் மாளிகையின் தாழ்வாரத்தில் தினமும் கலைஞர்கள் துணி விரித்து உட்கார்ந்திருப்பார்கள். அவர்களோ அவர்கள் குடும்பத்தாரோ செய்ததை மட்டும்தான் அங்கே விற்க முடியும். ஆகஸ்டில் அதே ஊரில் 1922இல் தொடங்கிய இந்தியன் மார்க்கெட் என்ற பூர்வகுடிக் கலைச் சந்தை. பேரம் பேசி அடித்து இறக்குவதை மட்டும் அங்கே செய்யாதே; கேட்டால் அவர்களே முடிந்ததைக் குறைப்பார்கள். பழையதுதான் வேண்டும் என்று உன் மனம் நின்றுவிட்டால் அதுவும் சரி, நல்ல பழைய வேலைக்கு ஈடு எதுவும் இல்லை என்று எனக்கும் தெரியும்.

இன்றைக்குப் பணம் அனுப்பாதே. பின்பக்கப் படங்கள் வந்ததும் எனக்கு அனுப்பு, நான் அவற்றை எடுத்துக்கொண்டு சனிக்கிழமை கேலப் போகிறேன். அந்த அம்மாவுக்கு இப்போது கண் கொஞ்சம் மங்கியிருக்கிறது, ஆனால் குண்டின் துளையை விரல் நுனியாலேயே பார்த்துவிடுவார். ஆகஸ்ட் மூன்றாம் வாரம் லீவு போட முடியுமா என்று மாப்பிள்ளையிடமும் கேட்டு வை. முன் அறையைக் காலி பண்ணி வைக்கிறேன்.

அன்புடன்,
பெரியம்மா