கடலுக்கு அந்தப் பக்கத்துச் செய்தி வாசிப்பாளர்

ஆசிரியருக்கு வணக்கம்.

பழைய செய்தி வாசிப்பாளர்கள் பற்றிய சென்ற இதழ்க் கட்டுரையைப் படித்தேன். ஷோபனா ரவி, வரதராஜன் எல்லாம் சரி. ஆனால் எண்பதுகளில் தமிழ்நாடே இவர்களைத்தான் பார்த்தது என்று எழுதியிருப்பது ராமநாதபுரம் கரைக்குப் பொருந்தாது. சென்னைத் தொலைக்காட்சி 1975இல் தொடங்கியிருக்கலாம், அது தங்கச்சிமடத்துக்கு எட்டவில்லை. எங்களுக்கு டிவி என்றால் 1982இல் ஆரம்பித்த இலங்கை ரூபவாஹினிதான்.

அதன் ஒளிபரப்பை வாங்கி அனுப்பும் அஞ்சல் கோபுரம் ஒன்று வட இலங்கையில், வன்னியில் கொக்காவிலில் இருந்தது. எங்களுக்கு நேர் கிழக்கே, பாதித் தூரத்துக்கு மேல் வெறும் கடல். சவுக்குக் கம்பில் கட்டிய ஆன்டெனாவை அந்தப் பக்கம் திருப்பினால் போதும். காற்றே இல்லாத வெக்கையான இரவில் படம் பளிச்சென்று வரும். வாடை கிளம்பிவிட்டால் புள்ளி மழைதான்.

அதில் தமிழ்ச் செய்தி வாசித்த ஒரு பெண்ணைப் பற்றித்தான் எழுத நினைத்தேன். முதலில் வந்தபோது தாளைவிட்டுக் கண்ணை எடுக்கவே மாட்டார். இரண்டு வருடத்தில் நிமிர்ந்துவிட்டார், அப்புறம் கண்ணாடி போட்டார். அப்பாவுக்கு அரசியல் செய்தி எதுவும் வேண்டாம். “அந்தப் பிள்ளை கடலைச் சொல்லட்டும், பேசாம இருங்க” என்பார். புத்தளத்திலிருந்து மன்னார் ஊடாகக் காங்கேசன்துறை வரையான கடற்பரப்பு ‘ஓரளவு கொந்தளிப்பாகக் காணப்படும்’ என்று அவர் வாசித்தால், மறுநாள் வலையை எடுப்பதா வேண்டாமா என்று வீட்டில் பேச்சு நடக்கும். அது எங்களுக்கு எதிர்க்கடல்தானே! சித்தப்பா மட்டும் வானத்தைப் பார்த்துத்தான் முடிவு செய்வார். பெரும்பாலும் அவர் கணக்கே சரியாக இருக்கும், அது வேறு விஷயம்.

நான் பரீட்சையில் இலங்கைத் தமிழில் ‘கல்வித் திணைக்களம்’ என்று எழுதி, வாத்தியார் சிவப்பு மையில் அடித்து ‘துறை’ என்று திருத்தியதும் அந்த அம்மாவின் புண்ணியம்தான்.

1990இல் போரில் கொக்காவில் கோபுரம் அழிந்தது. அவர் கொழும்பில் தொடர்ந்து வாசித்திருப்பார், எங்களுக்கு அன்றோடு முடிந்துவிட்டது. இலங்கையின் நடுவே பிதுருதலாகலை மலையில் இருந்த ரூபவாஹினி கோபுரத்திலிருந்து எப்போதாவது ஒரு நிழல் வரும், குரல் வராது. ஆன்டெனாக்கள் மேற்கே கொடைக்கானல் தூர்தர்ஷன் கோபுரத்தின் பக்கம் திரும்பின. 1995இல் ராமேசுவரத்திலேயே 323 மீட்டர் உயரத்தில் தொலைக்காட்சிக் கோபுரம் எழுந்ததும் கம்பே தேவையில்லாமல் போயிற்று. அதன் பிறகு படத்துக்குக் குறையில்லை. ஆனால் எதிர்க்கடலைப் பற்றிச் செய்தியில் யாரும் சொல்லவில்லை.

தொடரின் அடுத்த பகுதியில் ரூபவாஹினியின் தமிழ்ச் செய்தி வாசிப்பாளர்களுக்கும் ஒரு பக்கம் ஒதுக்குங்கள். படம் கிடைத்தால் பெரிதாகப் போடுங்கள். தெளிவான படத்தில் அவரை நாங்கள் பார்த்த நாட்கள் குறைவு.

இப்படிக்கு,
ஒரு வாசகர்,
தங்கச்சிமடம்.